முதுகில் சுடப்படும் உரிமை

அனியெல்லோ காப்பேச்சேயின் நடிப்புக்கு முதல் விமர்சனம் எழுதியவள் எங்கள் பேட்டை மீன்காரி. எழுதியது உயிருள்ள விலாங்கு மீனால். எழுதிய இடம் அவன் இடது கன்னம். முந்தின நாள்தான் படத்தில் அவன் ஓர் அநாதைப் பெண்ணைக் கிணற்றில் தள்ளியிருந்தான். விடிந்ததும் ஒன்றும் நடக்காதவன்போல் கூடையோடு வந்து “மீன் என்ன விலை?” என்று கேட்டால் எந்த மீன்காரிதான் பொறுப்பாள்?

படங்கள் பேசாத காலம் அது. நேப்பிள்ஸில் தெருவுக்கு ஒரு கொட்டகை முளைத்திருந்தது. திரைக்குக் கீழே ஒரு பாடகன் நின்று பாடுவான். எழுத்து அட்டை வந்தால் எழுத்தறிந்த யாராவது உரக்கப் படிப்பார். மற்ற எல்லாரும் சேர்ந்து வில்லனைத் திட்டுவோம். எங்கள் சனித்தா பேட்டையில் திட்டு என்பது வழிபாட்டில் சேர்த்தி. எங்கள் ஊர்ப் புனிதர் சான் ஜென்னாரோவின் உறைந்த ரத்தம் திருநாளன்று குப்பிக்குள் உருகக் கொஞ்சம் தாமதமானால் போதும், கிழவிகள் பீடத்துக்கு முன்னாலேயே “அடேய் மஞ்ச மூஞ்சி, உருகப்போறியா இல்லையா?” என்று புனிதரைக் கேட்பார்கள். அவரும் உருகிவிடுவார். புனிதருக்கே அந்த மரியாதை.

சினிமா வருவதற்கு முன்னால் பொம்மலாட்டம் இருந்தது. அதில் துரோகிப் பொம்மையை அடிக்கடி புதிதாகச் செய்யவேண்டும். ஆட்டம் முடிவதற்குள் மேடையேறி நொறுக்கிவிடுவோம். பொம்மைக்கு வலிக்காது என்பது மட்டும் ஒரு குறையாக இருந்தது. அனியெல்லோ வந்து அந்தக் குறையைத் தீர்த்தான்.

பணக்காரக் கிழவிக்கு விஷம் வைத்த படத்துக்கு நாவிதன் அவன் மூக்கை உடைத்தான், பாதி சவரத்தில். குழந்தையைத் திருடிய படத்துக்கு இரண்டு பல் போனது. மனம் நொந்து பாவசங்கீர்த்தனத்துக்குப் போனான். பங்குச் சாமியார் கூண்டுக்குள்ளிருந்து, “நீ ஒண்ணும் சொல்ல வேணாம்பா, நான் படம் பாத்துட்டேன்” என்று சொல்லி, கதவைத் திறந்து வெளியே வந்து, மண்டையில் ஒன்று போட்டு அனுப்பினார்.

அவன் மனைவி நுன்சியாத்தா வீட்டு வாசலில் எண்ணெய்ச் சட்டி வைத்து பீட்சா பொரித்து விற்பவள். மேல்மாடி அறையில் வாடகைக்கு இருந்துகொண்டு சட்டம் படிப்பதாகச் சொல்லிக்கொண்டிருந்த எனக்கு, அவள் அவனுக்குக் கட்டுப்போடும்போது பேசுவதெல்லாம் கேட்கும்.

“ஒரு படத்துலயாவது நல்லவனா நடிச்சுத் தொலையேன்யா.”

“எனக்கு மூஞ்சி அப்படி அமையலயேடி.”

“இப்ப எப்படியும் அது பழைய மூஞ்சி இல்ல. போய்க் கேட்டுப் பாரு.”

அவனுக்கு இருந்தது ஒரே ஓர் ஆசைதான். படத்தில் எத்தனை விதமாகவும் சாவான். நிஜத்தில், உடம்பில் ஓட்டை எதுவும் விழாமல், வயதாகிப் படுக்கையில் சாகவேண்டும். சனித்தாவில் இது பேராசை.

அப்போதுதான் இயக்குநர் ருவோப்பொலோ ஒரு பேட்டைத் தாதாவின் கதையைப் படமாக எடுக்கத் தொடங்கினார். தாதா அனியெல்லோ. தொழிலில் அவன் நேர்மையானவன். அசல் தாதாவைப் பார்த்துத்தான் கற்றுக்கொண்டான். எங்கள் அசல் தாதா டான் கத்தெல்லோ. பாதி திறந்த கதவுக்குள் நுழைகிறவர் மாதிரி இடது தோளை முன்னால் விட்டு நடப்பார். கழுத்தில் வெள்ளைப் பட்டுத் துணி. கட்டைவிரல் எப்போதும் அரைக்கோட்டுப் பையில். அனியெல்லோ எல்லாவற்றையும் அப்படியே எடுத்துக்கொண்டான். கடைசிக் காட்சியில் மாதா கோவில் வாசலில் ரொட்டிக்கடைப் பையன் ஒருவன் தாதாவைக் கத்தியால் குத்திக் கொல்லவேண்டும். அவன்தான் கதாநாயகன்.

செய்தி போகவேண்டிய இடத்துக்குப் போனது. அனியெல்லோவைக் குடல்கடைக்கு வரச்சொன்னார்கள். டான் கத்தெல்லோ எலுமிச்சை பிழிந்த மாட்டுக்குடலைத் தின்றுகொண்டிருந்தார். அவர் பின்னால் வலதுகையான சபாத்தோ நின்றுகொண்டிருந்தான்.

“வாப்பா. என்னை மாதிரி நடக்குறியாமே?”

“ஒரு மரியாதைக்குத்தான், டான் கத்தெல்லோ.”

“நட, நட. தெருவுல பொடிப்பசங்க எல்லாம் அப்படித்தான் நடக்குறானுங்க. கடைசில நீ சாகுறியாமே?”

“வில்லன்னா... சாகணும் இல்லீங்களா?”

“யார் கையால?”

“ரொட்டிக்கடைப் பையன் கையாலங்க.”

டான் கத்தெல்லோ முள்கரண்டியைக் கீழே வைத்தார். சபாத்தோ சிலுவை போட்டுக்கொண்டான்.

“ரொட்டிக்கடைப் பையன்! நாளைக்கு எனக்கு ரொட்டி கொண்டாந்து குடுக்குறவன் என்னை எப்படிப் பார்ப்பான்? யோசிச்சியா நீ?” வாயைத் துடைத்துக்கொண்டார். “தம்பி, படத்துல நீ செத்தா வெளியிலயும் செத்துருவ. மிரட்டுறேன்னு நினைச்சுக்காத. முன்கூட்டியே சொல்லி வைக்கிறேன், வீட்ல ஏற்பாடு பண்ணிக்கலாம் பாரு.”

அனியெல்லோ அங்கிருந்து நேராக ருவோப்பொலோவிடம் ஓடினான். அவரோ தலையில் கைவைத்துக்கொண்டார்.

“வில்லன் சாகலேன்னா கொட்டகையக் கொளுத்திருவாங்கய்யா. போன வருஷம் அந்தக் கடத்தல்காரன் தப்பிச்சுப் போறமாதிரி எடுத்தமே, என்ன ஆச்சு? திரையில சுட்டாங்க. திரையில ஓட்டை, பாடகன் முழங்கால்ல குண்டு. அவன் இன்னும் நொண்டிக்கிட்டுத்தான் பாடுறான்.”

ஆகவே அனியெல்லோ செத்தாலும் சாவான், சாகாவிட்டாலும் சாவான். அவனே அழுதுகொண்டு ருவோப்பொலோவைக் கைப்பிடித்துக் குடல்கடைக்கு இழுத்துவந்தான். ஒரு கௌரவமான மனிதன் எப்படிச் சாகலாம் என்று பேச்சுவார்த்தை தொடங்கியது.

“மாரடைப்பு?” என்றார் ருவோப்பொலோ.

“நான் என்ன பத்திரம் எழுதுற வக்கீலா?”

“போலீஸ் சுட்டா?”

“அவங்க ஏன்யா என்னைச் சுடுறாங்க? என் பொண்ணு ஞானஸ்நானத்துக்கு வந்து விருந்து சாப்பிட்டுப் போனவங்க.”

“எரிமலை?”

டான் கத்தெல்லோ இதை நெடுநேரம் யோசித்தார். சன்னல் வழியாக வெசூவியோ மலையைப் பார்த்தார். “நல்லாத்தான் இருக்கு. ஆனா எரிமலைன்னா எல்லாரும்ல சாவாங்க? நான் கூட்டத்தோட கூட்டமா சாகுறவன் இல்ல.”

அதுவரை வாய் திறக்காத சபாத்தோ தொண்டையைச் செருமினான். “அண்ணே, உங்கள மாதிரி ஆள நேர்ல வந்து கொல்ல எவன் இருக்கான்? எவனும் இல்ல. அதனால பின்னால இருந்து முதுகுல சுடணும். அதுவும் கூடவே இருந்து சோறு தின்னவன் சுடணும்.”

டான் கத்தெல்லோவின் கண் கலங்கியது. “பாத்தீங்களாய்யா? இது சாவு! எங்க அப்பாவுக்குக்கூட இப்படி ஒரு சாவு கிடைக்கல.”

துரோகியாக நடிக்க ஆள் தேடினார்கள். வில்லனைப் பேட்டை அடிக்கும், பழகிக்கொள்ளலாம். துரோகியை என்ன செய்யும் என்பதற்கு உடைந்த பொம்மைகளே சாட்சி. ஒரு நடிகன் தாய்க்கு உடம்பு சரியில்லை என்றான். தாய் செத்து வருஷமாகியிருந்தது. இன்னொருவன் தனக்கே உடம்பு சரியில்லை என்று சொல்லி அதை நிரூபிக்க அங்கேயே வாந்தியெடுத்தான். கடைசியில் டான் கத்தெல்லோவே தீர்ப்புச் சொன்னார்.

“சபாத்தோ, நீயே பண்ணிருடா. யோசனை உன்னோடதுதானே.”

படப்பிடிப்பைக் கோவில் வாசலில் வைத்தார்கள். டான் கத்தெல்லோ நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்தார். சபாத்தோ தாதாவின் கையை முத்தமிட வேண்டும், அவர் திரும்பி நடக்கும்போது சுடவேண்டும். வெற்றுத்தோட்டாதான். ஆனாலும் முதல் தடவையே தோட்டாவில் அடைத்திருந்த பஞ்சு எரிந்தபடி பறந்துவந்து அனியெல்லோவின் கோட்டில் தீப்பிடித்தது. கேமராக்காரன் கைப்பிடியைச் சுற்றுவதை நிறுத்தவில்லை. எனவே அனியெல்லோவும் சாவதை நிறுத்தவில்லை, முதுகு எரிய எரிய. டான் கத்தெல்லோ கைதட்டினார். ருவோப்பொலோ இன்னொரு தடவை கேட்டார். அப்போதும் கைதட்டினார். மூன்றாவது தடவை சபாத்தோவுக்குத் தொழில் நன்றாகப் பிடிபட்டுவிட்டது; முத்தமிட்டபின் உதட்டைத் துடைத்துக்கொண்டான், யாரும் சொல்லிக்கொடுக்காமலே. அந்தத் தடவை டான் கத்தெல்லோ கைதட்டவில்லை.

படம் வெளியான அன்று பேட்டையில் ஒரு பூனைகூட வீட்டில் இல்லை. முன்வரிசையில் டான் கத்தெல்லோ, பக்கத்தில் சபாத்தோ. அனியெல்லோ முன்னெச்சரிக்கையாகத் திரைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டிருந்தான். கடைசிக் காட்சி வந்தது. திரையில் சபாத்தோ கையை முத்தமிட்டான், உதட்டைத் துடைத்தான், சுட்டான். வெள்ளைப் பட்டுத்துணி மண்ணில் விழுந்தது. பாடகன் பாட்டை நிறுத்திவிட்டான்.

“துரோகி!”

முதல் நாற்காலி சபாத்தோவின் தலையில்தான் உடைந்தது. இரண்டாவது முழங்காலில். அட்டை படிக்கிற ஓய்வுபெற்ற வாத்தியார், எறும்புக்குக்கூடத் தீங்கு நினைக்காதவர், அவன் காதைக் கடித்தார். கடித்தது வாயோடு வந்தது.

“அண்ணே! சொல்லுங்கண்ணே! நீங்கதானே பண்ணச் சொன்னீங்க!” சபாத்தோ கத்தினான்.

டான் கத்தெல்லோ எழுந்தார். கொட்டகை அடங்கியது. ஒரு வார்த்தை போதும். ஆனால் அந்த ஒரு வார்த்தையைச் சொன்னால், பேட்டையின் தாதா ஒரு படக் கம்பெனியிடம் போய்த் தனக்கு ஒரு நல்ல சாவு வேண்டும் என்று கேட்டு வாங்கியதையும் சொல்லவேண்டிவரும்.

“என்ன பாத்துக்கிட்டு நிக்கிறீங்க?” மீன்காரியின் குரல் பின்வரிசையிலிருந்து வந்தது. “உங்க முதுகுல சுட்டிருக்கான்! ஆம்பளைதானே நீங்க?”

டான் கத்தெல்லோ கையைப் பின்னால் கொண்டுபோய்த் தன் முதுகைத் தடவிப் பார்த்தார். இதை நான் என் கண்ணால் பார்த்தேன். பிறகு சவரக்கத்தியை விரித்து, சபாத்தோவின் காது இருந்த இடத்திலிருந்து உதடுவரை ஒரே கோடாக இழுத்தார். சதை மீன்வாய்போலத் திறந்துகொண்டது, உள்ளே பல் தெரிந்தது. கைதட்டல் அடங்க நேரமானது. பாடகன் விட்ட இடத்திலிருந்து பாட்டைத் தொடர்ந்தான்.

தாதாவிடம் கோடு வாங்கியவன் தாதாவின் கையை முத்தமிடவேண்டும் என்பது எங்கள் வழக்கம். சபாத்தோ ரத்தம் ஒழுக ஒழுக முத்தமிட்டான். அந்த வாரமே, நல்ல மத்தியான வெயிலில், குடல்கடை வாசலில் வைத்து டான் கத்தெல்லோவை முதுகில் சுட்டான். இந்தத் தடவை பஞ்சு பறக்கவில்லை. அன்று மாலை அமெரிக்கா போகும் கப்பலில் ஏறிவிட்டான்.

விசாரிக்க இன்ஸ்பெக்டர் வந்தார். எங்கள் பேட்டையில் யாரும் எதையும் பார்த்ததாகச் சரித்திரமே கிடையாது. இந்தத் தடவை எல்லாரும் வரிசையில் நின்று சாட்சி சொன்னோம்.

“செத்தது யாரு?”

“அனியெல்லோங்க.”

“எங்க செத்தான்?”

“கோவில் வாசல்லங்க. இப்ப வீட்ல இருக்காரு.”

இன்ஸ்பெக்டர் தொப்பியை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

சவ ஊர்வலத்தில் அனியெல்லோ வெள்ளைப் பட்டுத்துணியோடு நடந்தான். அவனிடம் இருந்த ஒரே நல்ல துணி அதுதான். படப்பிடிப்பு முடிந்தும் அந்த நடை அவனை விட்டுப் போயிருக்கவில்லை. இடது தோள் முன்னால் போக, தாதாவின் சவவண்டிக்குப் பின்னால் தாதா நடந்துபோனார். வழிநெடுகத் தொப்பிகள் கழன்றன.

மறுநாள் கதவைத் தட்டினார்கள். மகளைக் கட்டிக்கொள்வதாகச் சொல்லி ஏமாற்றிய செருப்புத் தைப்பவனை ஒரு தாய் சட்டையைப் பிடித்து இழுத்துவந்திருந்தாள்.

“டான் அனியெல்லோ இருக்காருங்களா?”

அனியெல்லோ பின்னால் திரும்பி, யாரைச் சொல்கிறாள் என்று பார்த்தான். நுன்சியாத்தாதான் அவன் விலாவில் குத்தினாள். வேறு வழி தெரியாமல் செருப்புக்காரனை ஓர் அறை அறைந்தான். சினிமா அறை, கை கன்னத்துக்கு ஒரு சாண் தள்ளித்தான் போனது. செருப்புக்காரன் சுவரில் மோதி, கண் செருகி, தரையில் விழுந்தான். அடுத்த ஞாயிறே கல்யாணம்.

அதன்பிறகு அனியெல்லோவை யாரும் அடிக்கவில்லை. மீன்காரி விலாங்கு அனுப்பினாள், கொன்று, கழுவி, துண்டு போட்டு. புதுப்படத்தில் அவன் ஒரு குருடனைக் கழுத்தை நெரித்துக் கொன்றான். கொட்டகை எழுந்து நின்று கைதட்டியது. “சும்மாவா கொல்லுவாரு? அந்தக் குருடன் என்ன பண்ணித் தொலைச்சானோ” என்றார் பங்குச் சாமியார். நுன்சியாத்தா எண்ணெய்ச் சட்டியைக் கவிழ்த்துவைத்துவிட்டுப் பவழ மாலை போட்டுக்கொண்டாள். அவனுடைய மூக்குகூட ஓரளவு நேரானது.

நல்ல காலம் இலையுதிர்காலம் வரை நீடித்தது. ஒரு நாள் தொப்பியைக் கையில் பிடித்தபடி இரண்டு பெரியவர்கள் வந்தார்கள். துறைமுகப் பேட்டையின் தாதா டான் லிபோரியோ அனுப்பியிருந்தார். சனித்தாவையும் தானே பார்த்துக்கொள்ளலாம் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. ஞாயிறு பூசை முடிந்ததும் பழைய பிணங்களின் எலும்பை அடுக்கிவைத்த மண்டையோட்டுக் குகை மைதானத்தில் கத்திச்சண்டை; ஆளுக்கு ஒரு கத்தி; ஒருவர்தான் திரும்புவது. டான் லிபோரியோ அதற்குமுன் போன சண்டைகளிலிருந்தெல்லாம் திரும்பியவர்.

பெரியவர்கள் போனதும் அனியெல்லோ தரையில் உட்கார்ந்துவிட்டான். “நான் நடிகன்டி!”

“அது எனக்குத் தெரியும். ஊருக்குத் தெரியாதுல்ல? போய்க் குத்திட்டு வா.”

“அவன்தான்டி குத்துவான். நான் செத்துருவேன்.”

நுன்சியாத்தா பவழ மாலையை உருட்டிக்கொண்டே யோசித்தாள். “செத்தா, டான் பொண்டாட்டியாக் கறுப்பு உடுப்பு போட்டுட்டு மரியாதையா உக்காருவேன். நீ ஓடிப்போனேன்னா நான் மறுபடி எண்ணெய்ச் சட்டி முன்னால வேகணும். நீயே சொல்லுய்யா, எது நியாயம்?”

ஞாயிற்றுக்கிழமை பேட்டை முழுவதும் அவனோடு நடந்தது. பாடகன் நொண்டிக்கொண்டே பாடினான். பங்குச் சாமியார் கத்திக்குத் தீர்த்தம் தெளித்தார். மைதானத்தில் டான் லிபோரியோ இன்னும் வந்திருக்கவில்லை. பெரிய மனிதர்கள் தாமதமாகத்தான் வருவார்கள். அனியெல்லோ ஒரு கல்மேல் ஏறினான். கழுத்துத் துணியை அவிழ்த்துக் கீழே போட்டான்.

“நான் டான் இல்லீங்க. நடிகன். நான் யாரையும் கொன்னதே கிடையாது. அந்தக் குருடன் மார்க்கெட்ல வெங்காயம் விக்கிறான், அவனுக்கு ரெண்டு கண்ணும் நல்லாத் தெரியும். கிணத்துல தள்ளுன பொண்ணு என் மச்சினிச்சி. எனக்குக் கத்தி பிடிக்கவே தெரியாதுங்க. என்னைக் காப்பாத்துங்க!”

செருப்புக்காரன் மட்டும் மெல்ல முன்னால் வந்தான்.

“அப்ப, அன்னிக்கு என்னை அறைஞ்சீங்களே?”

“மேல படவே இல்லியேப்பா. நீயாத்தான் விழுந்த.”

செருப்புக்காரன் திரும்பித் தன் புது மனைவியைப் பார்த்தான். மாமியாரைப் பார்த்தான். முதல் கல் அவனிடமிருந்து வந்தது.

வில்லனை அடிக்கும்போது எங்களுக்குள் ஒரு சந்தோஷம் இருக்கும், பாட்டுக்கூடப் பாடுவோம். இந்தத் தடவை பாட்டு இல்லை. இவன் எங்கள் தாதாவைத் திருடியவன். கல் நெற்றியைப் பிளந்தது. கீழே விழுந்தவனின் கழுத்தெலும்பு மீன்காரியின் மரச்செருப்புக்கடியில் நொறுங்கியது. அந்தச் சத்தம் கடைசி வரிசைவரை கேட்டது. நாவிதன் மூக்கைப் பழைய இடத்துக்குத் திருப்பி அனுப்பினான். வாத்தியார் பல்லுக்கு வேலை கொடுத்தார். யாரோ அவன் வலதுகை விரல்களை ஒவ்வொன்றாக மடக்கினார்கள், மடங்காத பக்கமாக. பவழ மாலை அறுந்து மணிகள் மைதானமெங்கும் சிதறின, நுன்சியாத்தா கூட்டத்துக்குள் புகுந்து, “டானாம் டானு! தொடைநடுங்கி!” என்று கத்திக்கொண்டே குடைக்காம்பால் விளாசிக்கொண்டிருந்தாள். ஒரு கண் முற்றிலும் மூடிக்கொண்டது. விலா எலும்பு ஒன்று தோலைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்து எங்களைப் பார்த்தது.

அப்போதுதான் டான் லிபோரியோ வந்தார், பட்டுத்துணியில் சுற்றிய கத்தியோடு. கூட்டம் விலகி வழிவிட்டது.

“இது யாரு?”

“டான் அனியெல்லோங்க” என்றார் வாத்தியார், வாயைத் துடைத்துக்கொண்டு.

“யார் பண்ணது?”

“நாங்கதாங்க.”

டான் லிபோரியோ கத்தியைப் பிரித்தார். கீழே கிடந்தவனை ஒரு சுற்றுச் சுற்றிவந்தார். குனிந்து பார்த்தார். மறுபடியும் ஒரு சுற்று.

“இதுல நான் எங்கய்யா குத்துறது?”

“தொடையில கொஞ்சம் எடம் இருக்கும் பாருங்க” என்றார் பங்குச் சாமியார், உதவும் எண்ணத்தோடு.

டான் லிபோரியோ அவரைப் பார்த்தார். அவர் கையிலிருந்த ரத்தத்தைப் பார்த்தார். மீன்காரியின் மரச்செருப்பை, செருப்புக்காரனின் அடுத்த கல்லை, நுன்சியாத்தாவின் குடைக்காம்பை, வாத்தியாரின் உதட்டோரத்தை எல்லாம் நிதானமாகப் பார்த்தார். வாழ்நாள் முழுவதும் அவர் ஆளைக் குத்துவது ஒவ்வொருவராகத்தான். அதற்கும் ஒரு முறை இருந்தது.

“இது உங்க டானு?”

“ஆமாங்க.”

“உங்க சொந்த டானு?”

“ஆமாங்க. புதுசா நீங்க வர்றீங்கன்னு சொன்னாங்க” என்றாள் மீன்காரி. “வாங்க.”

டான் லிபோரியோ கத்தியை மறுபடி துணியில் சுற்றினார். நிதானமாகத்தான் திரும்பினார். மைதானத்தின் விளிம்புவரை நிதானமாகத்தான் நடந்தார். அதற்கப்பால் சந்தில் அவர் ஓடிய சத்தம் கேட்டது. அந்த இரண்டு பெரியவர்களும் தொப்பியைப் பிடித்துக்கொண்டு பின்னால் ஓடினார்கள். அதன்பிறகு எந்தப் பேட்டைத் தாதாவும் சனித்தாவைக் கேட்டு ஆள் அனுப்பவில்லை.

கீழே கிடந்ததிலிருந்து ஒரு சத்தம் வந்தது. நுன்சியாத்தா குனிந்து காதை வைத்தாள்.

“போயிட்டானா?”

“போயிட்டான்யா.”

“நான் சாகலையே?”

அவள் அவனை மேலிருந்து கீழாகப் பார்த்தாள். கன்னத்தில் ஒட்டியிருந்த ஒரு பவழ மணியை எடுத்து மடியில் போட்டுக்கொண்டாள். “இல்ல. மூச்சு வருது.”

குகையின் பழைய கதவொன்றைப் பெயர்த்து அவனை அதன்மேல் கிடத்தினோம். அடித்தவர்களே தூக்கினோம்; வேறு யாரும் அங்கே இல்லை. ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியெல்லாம் நுன்சியாத்தா குடையை விரித்து அவன் முகத்துக்கு வெயில் மறைத்துக்கொண்டே வந்தாள். திருப்பத்தில் கதவு ஒரு பக்கமாகச் சாய்ந்தது. அவள் குடைக்காம்பால் செருப்புக்காரனின் முழங்காலில் ஒன்று வைத்தாள்.

“மெதுவாத் தூக்குடா! கேட்டுக்கங்க எல்லாரும். இந்தாளு எந்திரிச்சு நடக்குறவரைக்கும் ஒருத்தரும் மேல கை வைக்கக்கூடாது. சொல்லிட்டேன்.”

எல்லாரும் தலையாட்டினோம். கொஞ்ச தூரம் போனதும் செருப்புக்காரன் மெல்லக் கேட்டான்: “எந்திரிச்சு நடந்ததுக்கு அப்புறம், அக்கா?”

நுன்சியாத்தா குடையை மறு கைக்கு மாற்றிக்கொண்டாள்.

“என்ன படத்துல நடிக்கிறான்னு பாத்துட்டுச் சொல்றேன்.”